பைலட் வண்டி தாண்டியது... பாலம் விழுந்தது!

ராட்சத லாரிகளுக்கு முன்னால் மஞ்சள் விளக்கு சுழலப் போகும் அந்தச் சின்ன வண்டிக்கு என்ன வேலை?

2013 மே 23, வியாழக்கிழமை. அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலம். நீண்ட வார விடுமுறைக்கு முந்தைய பரபரப்பில் ஐ-5 நெடுஞ்சாலை நிரம்பி வழிந்துகொண்டிருந்தது. மாலை 7 மணி தாண்டியிருந்தாலும் வெளிச்சம் போகவில்லை. கனடாவிலிருந்து எண்ணெய்த் துரப்பணக் கருவிக்கான பெரிய இரும்புக் கூடு ஒன்றை ஏற்றிக்கொண்டு ஒரு லாரி தெற்கு நோக்கி வந்துகொண்டிருந்தது. அதற்கு முன்னால், வழிகாட்டியாக ஒரு பைலட் வண்டி.

வழியில் ஸ்காஜிட் ஆறு. அதன் மேல் 1955-ல் கட்டிய பாலம். இரும்புச் சட்டங்களைக் கோத்து கூண்டுபோல அமைத்த பழைய பாணிப் பாலம் அது. வண்டிகள் கூண்டுக்குள் புகுந்துதான் போக வேண்டும். தலைக்கு மேலேயும் குறுக்குச் சட்டங்கள் இருக்கும்.

பைலட் வண்டி பாலத்தைத் தாண்டிப் போனது. பின்னால் வந்த லாரியின் சரக்கு, மேலே இருந்த சட்டங்களில் ஒன்றன்பின் ஒன்றாக இடித்துக்கொண்டே போனது. லாரி எப்படியோ மறுகரை சேர்ந்துவிட்டது. ஆனால் பாலத்தின் ஒரு பகுதி, சுமார் 160 அடி நீளம், அப்படியே ஆற்றுக்குள் சரிந்தது. இரண்டு வண்டிகள் தண்ணீரில் விழுந்தன. அவற்றில் இருந்த மூன்று பேரும் லேசான காயங்களோடு மீட்கப்பட்டார்கள். ஓர் உயிர்கூடப் போகவில்லை என்பது பெரிய அதிர்ஷ்டம். தினமும் சுமார் 71 ஆயிரம் வண்டிகள் போய்வந்த பாலம் அது!

அந்த லாரிக்கு அனுமதிச் சீட்டு இருந்தது. பைலட் வண்டியும் இருந்தது. விதிப்படி எல்லாமே இருந்தன. பிறகு எப்படி?

மூங்கில் குச்சி மாதிரி ஒரு கம்பம்

சாலையில் எந்த வண்டி எவ்வளவு அகலம், உயரம், நீளம் இருக்கலாம் என்று எல்லா நாடுகளிலும் ஓர் அளவு உண்டு. அதை மீறாமல் கொண்டுபோகவே முடியாத பொருள்களும் உண்டு. மின்நிலைய டிரான்ஸ்ஃபார்மர், பாய்லர், காற்றாலை இறக்கை, பாலத்துக்கான கர்டர் போன்றவற்றை இரண்டாக வெட்டி இரண்டு லாரிகளில் ஏற்ற முடியுமா? அதனால் அவற்றுக்குத் தனி அனுமதி கொடுக்கிறார்கள். அந்த அனுமதியோடு வரும் நிபந்தனைகளில் முக்கியமானது, துணைக்குப் போகும் பைலட் வண்டி.

அமெரிக்காவில் இதற்கு ஒரே தேசிய விதி கிடையாது. ஒவ்வொரு மாநிலமும் தனக்கென்று விதி வைத்திருக்கிறது. ஒரு மாநிலத்தில் பைலட் வண்டி இல்லாமல் போகும் அதே சரக்கு, எல்லை தாண்டியதும் இரண்டு பைலட் வண்டிகளைத் தேட வேண்டியிருக்கும்.

வாஷிங்டன் மாநில விதிகளைப் பார்த்தால் இந்த வேலை எவ்வளவு நுணுக்கமானது என்று புரியும். சரக்கின் அகலம் 11 அடியைத் தாண்டினால், இருவழிச் சாலையில் முன்னால் ஒன்று, பின்னால் ஒன்று என இரண்டு பைலட் வண்டிகள் வேண்டும். எதிரே வருகிறவர்களுக்கு முன்வண்டி எச்சரிக்கை. பின்னால் வந்து முந்தத் துடிக்கிறவர்களுக்குப் பின்வண்டி எச்சரிக்கை.

உயரம் 14 அடி 6 அங்குலத்தைத் தாண்டினால், முன்வண்டியில் உயரம் அளக்கும் கம்பம் கட்டாயம். வண்டியின் முன்பக்கத்தில் செங்குத்தாக நிற்கும் வளையக்கூடிய கம்பம் அது. சரக்கின் உச்சியைவிட 3 முதல் 6 அங்குலம் வரை கூடுதல் உயரத்தில் அதை வைக்க வேண்டும். கம்பம் எதிலாவது பட்டால் 'டக்' என்று சத்தம் கேட்கும். உடனே பைலட் ஓட்டுநர் வாக்கி டாக்கியில் லாரிக்காரருக்குத் தகவல் சொல்ல வேண்டும். லாரி நிற்க வேண்டும்.

இத்தனை கம்ப்யூட்டர், சாட்டிலைட் காலத்திலும், ஒரு குச்சி இடிக்கிறதா இல்லையா என்பதை நம்பித்தான் கோடிக்கணக்கான மதிப்புள்ள சரக்கும் பாலமும் இருக்கின்றன.

அந்த மாநிலத்தில் பைலட் வண்டியை யார் வேண்டுமானாலும் ஓட்டிவிட முடியாது. பயிற்சி பெற்று, சான்று அட்டை வைத்திருக்க வேண்டும். வண்டியில் சுழலும் மஞ்சள் விளக்கு, மஞ்சள் பின்னணியில் கறுப்பு எழுத்தில் எச்சரிக்கைப் பலகை, போக்குவரத்தை நிறுத்தும் கைப்பலகை, தீயணைப்புக் கருவி, முதலுதவிப் பெட்டி என்று பட்டியலே இருக்கிறது. நடுவழியில் தேவைப்பட்டால் இறங்கி நின்று போக்குவரத்தை ஒழுங்கு செய்யும் வேலையும் அவருடையதுதான்.

எங்கே பிசகியது?

ஸ்காஜிட் விபத்தை அமெரிக்காவின் தேசியப் போக்குவரத்துப் பாதுகாப்பு வாரியம் விசாரித்து, அடுத்த ஆண்டு அறிக்கை தந்தது. ஒரே ஒருவர் மேல் பழியைப் போட்டு முடிக்கும் அறிக்கை அல்ல அது. சின்னச் சின்னப் பிசகுகள் ஒரே மாலையில் ஒன்றுசேர்ந்த கதை.

முதலாவது, பாலத்தின் வடிவம். மேலே இருந்த சட்டங்கள் வில் மாதிரி வளைந்தவை. நடுவில் 17 அடிக்கு மேல் உயரம் இருந்தது. ஓரத்தில் 15 அடிகூட இல்லை. லாரியின் சரக்கு 15 அடி 11 அங்குலம். இடது தடத்தில் போயிருந்தால் தப்பித்திருக்கும். அது போனதோ வலது ஓரத் தடத்தில். இந்தத் தடத்தில் இவ்வளவுதான் உயரம் என்று சொல்லும் எச்சரிக்கைப் பலகை அங்கே இல்லை.

இரண்டாவது, அனுமதிச் சீட்டு. ஆன்லைனில் விண்ணப்பித்து எளிதாகப் பெறக்கூடிய வசதி இருந்தது. வழியில் எந்தப் பாலம் எவ்வளவு உயரம் என்று பார்த்துக்கொள்வது லாரி நிறுவனத்தின் பொறுப்பு. அந்தப் பாதை ஆய்வு சரியாக நடக்கவில்லை. சீட்டில் இருந்த உயரம் 15 அடி 9 அங்குலம். உண்மையான சரக்கு அதைவிட 2 அங்குலம் கூடுதல்.

மூன்றாவது, கம்பம். பைலட் வண்டியின் கம்பம் 16 அடி 2 அங்குலத்தில் இருந்தது. தன் கம்பம் எதிலும் படவில்லை என்றார் பைலட் ஓட்டுநர். அது பல முறை பாலத்தில் இடித்ததைப் பார்த்தேன் என்றார் அந்த வழியே வந்த இன்னொருவர்.

நான்காவதுதான் எல்லோரையும் யோசிக்க வைப்பது. பாலத்தைக் கடந்த நேரத்தில் பைலட் ஓட்டுநர் செல்போனில் தன் கணவரோடு பேசிக்கொண்டிருந்தார். போனைக் கையில் பிடித்துக்கொண்டு அல்ல, ஹேண்ட்ஸ்-ஃப்ரீயில். கைகள் ஸ்டியரிங்கில், கண்கள் சாலையில். ஆனால் கவனம்? பேச்சு அவர் கவனத்தைச் சிதறடித்தது என்றே வாரியம் முடிவு செய்தது.

ஐந்தாவது, இடைவெளி. கம்பம் இடித்து, தகவல் வந்து, லாரிக்காரர் பிரேக்கை மிதித்து நிறுத்துவதற்குப் போதுமான தூரம் இரண்டு வண்டிகளுக்கும் நடுவே இல்லை. போதாக்குறைக்கு, தன்னை இன்னொரு லாரி இடதுபக்கமாக முந்தியதால் வலது ஓரம் ஒதுங்க நேர்ந்ததாக ஓட்டுநர் சொன்னார். சட்டங்கள் மிகத் தாழ்ந்திருந்த பக்கம் அதுதான்.

பாலத்திலும் ஒரு பலவீனம் இருந்தது. அந்தக் கால வடிவமைப்பில் ஒவ்வொரு முக்கியச் சட்டமும் மற்றொன்றை நம்பியே நிற்கும். ஒன்று முறிந்தால் சுமையைத் தாங்கிக்கொள்ள மாற்று கிடையாது. சீட்டுக்கட்டு வீடு மாதிரி மொத்தப் பகுதியும் கீழே வந்துவிடும். அந்தப் பாலத்தில் அதற்கு முன்பும் உயரமான வண்டிகள் இடித்த தழும்புகள் இருந்தன. அப்போதெல்லாம் தாங்கிய பாலம் அன்று தாங்கவில்லை.

பைலட் ஓட்டுநர்கள் பணி நேரத்தில், பணிக்குத் தேவையான தகவல் தவிர வேறு எதற்கும் போன் பேசக் கூடாது என்று விதி வர வேண்டும் என வாரியம் பரிந்துரைத்தது. ஜூன் 19-ம் தேதி தற்காலிகப் பாலம் திறக்கப்பட்டது. செப்டம்பர் 15-ல் நிரந்தரப் பகுதி வந்து சேர்ந்தது.

வந்தவாசி டு பெங்களூரு: 240 சக்கரம்

நம் ஊருக்கு வருவோம். 2018 டிசம்பரில் திருவண்ணாமலை மாவட்டம் வந்தவாசி அருகே கொரக்கோட்டையிலிருந்து ஒரு பிரமாண்ட சிலை புறப்பட்டது பலருக்கும் நினைவிருக்கும். ஒரே கல்லால் ஆன அந்தப் பெருமாள் சிலை, பெங்களூரு ஈஜிபுரா கோயிலுக்குப் போக வேண்டும். எடை சுமார் 350 டன். ஏற்றியது 240 சக்கரங்கள் கொண்ட டிரெய்லரில். காரில் சில மணி நேரத்தில் போகும் தூரத்தைக் கடக்க அதற்கு ஏறக்குறைய ஆறு மாதம் பிடித்தது. 2019 ஜூனில்தான் பெங்களூரு போய்ச் சேர்ந்தது.

ஏன் இத்தனை சக்கரம்? சிலையின் எடையை மட்டும் 240-ஆல் வகுத்துப் பாருங்கள். ஒரு சக்கரத்துக்கு ஒன்றரை டன்கூட வராது. வழக்கமான ஆறு சக்கர லாரி முழுப் பாரத்தோடு போகும்போது ஒரு சக்கரத்தில் விழுவது சராசரியாக மூன்று டன். அதாவது, தார்ச் சாலையைப் பொறுத்தவரை ராட்சத டிரெய்லர் அப்படியொன்றும் கொடுமைக்காரன் அல்ல.

ஆனால் பாலம் சக்கரத்தை எண்ணாது. தன்மேல் ஒரே நேரத்தில் நிற்கும் மொத்த எடையைத்தான் எண்ணும். அதனால்தான் வழியில் ஆற்றுப் பாலத்தின் மேல் ஏற்ற முடியாமல், பக்கத்திலேயே ஆற்றுக்குள் தற்காலிக மண்பாதை போட வேண்டி வந்தது. கிராமங்களில் தெருவோரக் கடைகள், வீடுகளின் முன்பகுதிகளை இடித்து, இழப்பீடு கொடுத்து வழி ஏற்படுத்தினார்கள். பெரிய சரக்கின் பயணத்தில் லாரியை ஓட்டுவது பாதி வேலைகூட இல்லை. வழியைத் தயார் செய்வதுதான் பெரும்பகுதி.

ஓ.டி.சி. என்றால் என்ன?

நம் நெடுஞ்சாலைகளில் லாரிக்குப் பின்னால் 'ஓ.டி.சி.' என்று எழுதியிருப்பதைப் பார்த்திருப்பீர்கள். அளவை மீறிய சரக்கு என்பதன் ஆங்கிலச் சுருக்கம் அது. மத்திய மோட்டார் வாகன விதிகளின்படி சரக்கு வண்டியின் அகலம் 2.6 மீட்டரைத் தாண்டக் கூடாது. உயரத்துக்கும் நீளத்துக்கும் இதேபோல உச்சவரம்பு உண்டு. அதை மீறினால் சிறப்பு அனுமதி வேண்டும். அனுமதி இல்லாமல் சரக்கு பக்கவாட்டிலோ முன்னும் பின்னுமோ நீட்டிக்கொண்டிருந்தால், 2019 சட்டத் திருத்தத்துக்குப் பிறகு 20 ஆயிரம் ரூபாய் அபராதம். சரக்கை இறக்கும் செலவும் அவர்கள் தலையில்தான்.

அனுமதி ஒரே ஜன்னலில் முடிவதில்லை. எடை அதிகமென்றால் நெடுஞ்சாலைத் துறை பாலங்களின் பலத்தைப் பார்க்க வேண்டும். உயரம் அதிகமென்றால் மின்வாரியம் கம்பிகளைப் பார்க்க வேண்டும். மின்மயமான ரயில் பாதையின் கேட்டைக் கடக்க வேண்டுமென்றால் ரயில்வேயின் அனுமதி தேவை. கேட்டுக்கு இரண்டு பக்கமும் குறுக்காக உயர வரம்புச் சட்டம் நிற்பது இதற்காகத்தான். ஊருக்குள் நுழையப் போலீஸின் ஒத்துழைப்பும் வேண்டும்.

மிகக் கனமான சரக்கு பாலத்தைக் கடக்கும்போது கடைப்பிடிக்கும் முறையே தனி. மணிக்கு 5 கிலோமீட்டர் வேகத்துக்கு மேல் போகக் கூடாது. பாலத்தின் நடுக்கோட்டில்தான் போக வேண்டும். அது இறங்கும்வரை வேறு வண்டி பாலத்தில் இருக்கக் கூடாது. நடுவில் நிறுத்தவோ பிரேக் போடவோ கூடாது. 300 டன் பொருள் சட்டென்று நின்றால், அந்த உந்தலை வாங்கிக்கொள்வது கீழே இருக்கும் தூண்கள்தான். இந்தியச் சாலைகள் மாநாட்டின் பால வடிவமைப்பு விதிகளில் இப்படிப்பட்ட சிறப்பு வண்டிக்கென்றே 385 டன் என்று ஒரு கணக்கு வைத்திருக்கிறார்கள். அதிலும் இதே 5 கிலோமீட்டர் வேகமும் நடுக்கோடும்தான் நிபந்தனை.

அடுத்த முறை ஏதாவது பாலத்தின் முன்னால் போக்குவரத்தை நிறுத்தி, ஒற்றை லாரி ஊர்ந்து போவதைப் பார்த்து எரிச்சல் வந்தால், காரணம் இதுதான்.

காற்றாலை இறக்கை வரும் பாதை

தமிழ்நாட்டுக்காரர்கள் அதிகம் பார்க்கும் ஓ.டி.சி., காற்றாலை இறக்கை. ஆரல்வாய்மொழி கணவாய், முப்பந்தல் பக்கம் போகிறவர்களுக்கு அது பழகிய காட்சி. எடை ஒன்றும் பெரிதில்லை. நீளம்தான் பிரச்னை. 2022-ல் தூத்துக்குடி வ.உ.சி. துறைமுகத்தில் கப்பலேற்றப்பட்ட இறக்கைகள் ஒவ்வொன்றும் 81.5 மீட்டர் நீளம்! சென்னைக்கு அருகே வெங்கலில் இருக்கும் தொழிற்சாலையிலிருந்து அவை சாலை வழியாகத்தான் தூத்துக்குடி வந்தன. பெரிய பயணிகள் விமானத்தைவிட நீளமான ஒரு பொருள், டீக்கடைகளையும் டோல்கேட்டுகளையும் கடந்து அவ்வளவு தூரம் வந்திருக்கிறது.

இவ்வளவு நீளமான வண்டி திரும்பும்போது முன்சக்கரம் போகும் வழியில் பின்சக்கரம் போகாது. அதனால் டிரெய்லரின் பின்சக்கரங்களையும் தனியாகத் திருப்ப வசதி வைத்திருக்கிறார்கள். வளைவு வந்ததும் ஒருவர் கீழே இறங்கி நடந்துகொண்டே பின்சக்கரங்களை இயக்குவார். முன்னால் இருக்கும் ஓட்டுநருக்கு வால் எங்கே இருக்கிறது என்று தெரியாது. அவருக்குக் கண், காது எல்லாம் பைலட் வண்டியில் வருகிறவர்களும் கூட நடக்கிறவர்களும்தான்.

அந்தப் பணியாளர்களின் பாடு தனிக்கதை. தாழ்ந்து தொங்கும் கம்பிகளை நீண்ட கழியால் தூக்கிப் பிடித்துச் சரக்கை நுழைய விடுவதைப் பல இடங்களில் பார்க்கலாம். மின்சாரத்தை நிறுத்தாமல் செய்தால் உயிரோடு விளையாடும் வேலை அது. கழி ஈரமாக இருந்தால் மரம்கூட மின்சாரத்தைக் கடத்தும். மின்வாரியத்திடம் முன்கூட்டியே சொல்லி, இணைப்பைத் துண்டித்துவிட்டுக் கடப்பதுதான் முறை. அந்த அரை மணி நேர மின்தடைக்கு யாராவது சலித்துக்கொண்டால், கம்பத்துக்குக் கீழே நிற்கிறவரைக் கொஞ்சம் நினைத்துக்கொள்ளலாம்.

எதிரே வந்தால் என்ன செய்வது?

நெடுஞ்சாலையில் இப்படியொரு வண்டியைச் சந்திக்கும்போது குடும்பத்தோடு காரில் போகிறவர்களும் பைக்கில் போகிறவர்களும் கவனிக்க வேண்டியவை இவை:

* சுழலும் மஞ்சள் விளக்கோ சிவப்புக் கொடியோ கட்டிய சிறு வண்டி எதிரே வந்தால், பின்னால் பெரிதாக ஏதோ வருகிறது என்று அர்த்தம். உடனே வேகத்தைக் குறைத்து இடதுபக்கம் ஒதுங்குங்கள்.

* பைலட் வண்டிக்கும் டிரெய்லருக்கும் நடுவே காலியாக இருக்கும் இடம் உங்களுக்கானது அல்ல. லாரி நிற்பதற்காக விட்டுவைத்த தூரம் அது. அதில் புகுந்தால் அவர்களின் பிரேக் தூரத்தை நீங்கள் எடுத்துக்கொள்கிறீர்கள்.

* பின்னால் வரும் பைலட் வண்டிக்காரர் சைகை காட்டும்வரை முந்த வேண்டாம். வளைவிலும் பாலத்தின் அருகிலும் சைகை காட்டினாலும் யோசியுங்கள்.

* டிரெய்லர் வலதுபுறம் திரும்பும்போது அதன் வால் இடதுபுறம் வீசும். இடைவெளி இருக்கிறதே என்று பைக்கை நுழைப்பது மிக ஆபத்து. நீட்டிக்கொண்டிருக்கும் இறக்கைக்குக் கீழே போகவே கூடாது.

* பாலத்தில் அது ஏறியிருந்தால், இறங்கும்வரை காத்திருங்கள்.

* கம்பிகளைத் தூக்கும் இடத்தில் நின்று வேடிக்கை பார்ப்பதும் செல்ஃபி எடுப்பதும் வேண்டாம். கம்பி அறுந்து விழுந்தால் விலகி நின்று மின்வாரியத்துக்குச் சொல்லுங்கள்.

* தேசிய நெடுஞ்சாலையில் விளக்கோ கொடியோ இல்லாமல் இப்படியொரு வண்டி இருட்டில் நின்றிருந்தால் 1033 எண்ணுக்கு அழைத்துத் தகவல் தரலாம். பின்னால் வரும் யாரோ ஒருவர் உயிர் பிழைக்கலாம்.

ஸ்காஜிட் ஆற்றின் மேல் இப்போது வண்டிகள் வழக்கம்போல ஓடுகின்றன. அன்று ஆற்றில் விழுந்தவர்கள் யாருக்கும் அந்த லாரியோடு எந்தச் சம்பந்தமும் இல்லை. எங்கோ போய்க்கொண்டிருந்த சாதாரண மனிதர்கள். பைலட் ஓட்டுநரும் பொறுப்பில்லாதவர் என்று சொல்லிவிட முடியாது. வீட்டோடு நாலு வார்த்தை பேசிக்கொண்டிருந்தார், அவ்வளவுதான். அதைத்தான் இன்று காரில் ப்ளூடூத் வைத்திருக்கும் எல்லோரும் செய்கிறோம்.

அடுத்த முறை ஸ்டியரிங்கைப் பிடித்திருக்கும்போது வீட்டிலிருந்து போன் வந்தால், "ஓட்டிக்கிட்டு இருக்கேன், நிறுத்திட்டுக் கூப்பிடுறேன்" என்று சொல்ல ஐந்து விநாடிதான் ஆகும். வீட்டில் இருப்பவர்களும் அதைக் கோபித்துக்கொள்ளாமல் கேட்டுக்கொண்டால் இன்னும் நல்லது.